கோழிகளுக்கு நான் போட்ட நூல் மெத்தை

கோழிக்கூண்டை வாரத்துக்கு ஒரு முறை சுத்தம் செய்தால் போதும் என்று ஆந்திர எல்லையில் இருக்கும் எங்கள் நகரியில் எல்லாருக்கும் தெரியும். எனக்கு மட்டும் தெரியாது. நான் பள்ளிக்கூடத்தில் அறிவியல் சொல்லிக்கொடுப்பவள். கிருமி என்றால் என்ன, அது எப்படிப் பரவும் என்று கரும்பலகையில் படம் போட்டுக் காட்டியே இருபது வருடம் ஓட்டியவள். அதனால் கூண்டை நாளைக்கு இரண்டு முறை சுத்தம் செய்தேன். முகமூடி, லேபிலிருந்து கொண்டுவந்த கண்ணாடி, மழைக்கோட்டு, ரப்பர் செருப்பு எல்லாம் மாட்டிக்கொண்டு கொல்லைப்புறத்துக்கு நான் இறங்கும்போது கோழிகளே ஒதுங்கி வழிவிடும்.

"டீச்சர் நிலாவுக்குக் கெளம்பிட்டாங்க" என்பார் என் வீட்டுக்காரர். முன்கட்டில் நான்கு பவர்லூம் ஓட்டுகிறவர் அவர். அந்தச் சத்தத்துக்கு மேலேயும் கேட்கிற குரல்.

கோழிகள் மகளுடையவை. ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் ஒரு தொழிற்சாலையில் அவள் வேலை செய்கிறாள். செல்போனுக்குள்ளே போகிற, மிளகில் பாதி இருக்கும் ஏதோ ஒரு துணுக்கை இடுக்கியால் எடுத்து அதன் இடத்தில் உட்கார வைக்கிற வேலை. லைனில் அவள் கைதான் வேகம் என்று அவளுக்குக் கொஞ்சம் பெருமை உண்டு. பனிக்காலத்தில் ஒருநாள் விடியற்காலை அவள் போன கம்பெனி பஸ், ரோட்டோரம் நின்றிருந்த லாரியின் பின்னால் மோதியது. எல்லாரும் உயிரோடு இறங்கினார்கள். என் மகள் வலது மணிக்கட்டை உடைத்துக்கொண்டு இறங்கினாள்.

அந்தத் தொலைபேசி வந்த நிமிடத்திலிருந்து திருப்பதி ஆஸ்பத்திரியில் அவள் முகத்தைப் பார்த்த நிமிடம் வரைக்கும் நடந்தது எதுவும் எனக்கு ஞாபகம் இல்லை. பார்த்ததும் சிரித்தேன் என்று சொல்கிறார்கள். நிறுத்த முடியாமல் சிரித்தேனாம். நர்ஸ் என்னை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தாளாம். இன்றைக்கும் அப்படித்தான். தெருவில் எங்கேயோ பஸ் ஹாரன் கேட்டால் போதும், காரணமில்லாமல் சிரிப்பு வரும்.

கட்டுப் போட்ட கையோடு வீட்டில் அடைந்து கிடந்தவள், பைக்கில் கூடை கட்டிக்கொண்டு வந்த ஒரு ஆளிடம் ஐந்து விடைக்கோழிகளை வாங்கினாள். "அடுத்த மாசமே முட்டைக்கு வந்துடும்" என்று அந்த ஆள் சொல்லிவிட்டுப் போனான். மூன்று மாதம் ஆகியும் ஒரு முட்டை கிடையாது. வீட்டுக்காரர் பழைய தறியின் இரும்புச் சட்டத்தை அறுத்துக் கூண்டு செய்து கொடுத்தார். நிற்க ஒரு கட்டை, முட்டையிட ஒரு மரப்பெட்டி, தாழ்ப்பாள் எல்லாம் கச்சிதம்.

மகளின் மாவுக்கட்டைப் பிரித்த பிறகுதான் நிஜமான கவலை ஆரம்பித்தது. எலும்பு கூடிவிட்டது. ஆனால் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் மரத்தே கிடந்தன. பச்சைப்பயறைத் தட்டில் கொட்டி ஒவ்வொன்றாக எடுத்துக் கிண்ணத்தில் போடச் சொன்னார் டாக்டர். பத்து எடுப்பதற்குள் எட்டு நழுவும். பதினோராவதில் மகள் தட்டையே தட்டிவிடுவாள். சிதறிய பயறைக் கோழிகள் வந்து தின்னும். எங்கள் வீட்டுக் கோழிகள் போல ஊரில் எந்தக் கோழியும் பச்சைப்பயறு சாப்பிட்டிருக்காது.

கம்பெனியிலிருந்து போன் வந்தது. திங்கள்கிழமை வந்து லைனில் உட்கார்ந்து காட்டட்டும், முடிந்தால் பழைய இடம், முடியாவிட்டால் அட்டைப்பெட்டி ஒட்டுகிற பக்கம் என்றார்கள். சொன்ன விதத்தில் தப்பு ஒன்றும் இல்லை. போனை வைத்துவிட்டு மகள், "நான் பெட்டி ஒட்ட மாட்டேன்மா" என்றாள். மறுபடியும் தட்டை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். பயறு நழுவிக்கொண்டே இருந்தது.

ஒரு அம்மா அப்போது என்ன செய்ய முடியும்? மகளின் விரலுக்குள் போய் உட்கார முடியாது. கூண்டைத்தான் கழுவ முடியும்.

அந்தச் சனிக்கிழமை சாயந்திரம் என் மூளை ரொம்பவும் நன்றாக வேலை செய்தது. கூண்டுத் தரையில் நாங்கள் உமி பரப்பியிருந்தோம். உமித் தூசி மூச்சுக்கு ஆகாது என்று போனில் ஒரு வீடியோ சொன்னது. முன்கட்டிலோ மூட்டை மூட்டையாகக் கழிவு நூல்: தறியில் அறுந்தது, நாடாவுக்குள் போகிற தார்க்குச்சியில் மிஞ்சியது, சாயம் சரியாக ஏறாதது. காசு கிடையாது, தூசி கிடையாது, பஞ்சு மாதிரி மெத்தென்று இருக்கும். பழைய உமியை எல்லாம் வாரி, எச்சத்தைக் கொத்துக்கரண்டியால் சுரண்டி, சுண்ணாம்புத் தண்ணீர் தெளித்துக் காயவைத்து, இரண்டு மூட்டை நூலை உதறி உதறிப் பரப்பினேன். ரோஸ், கிளிப்பச்சை, மஞ்சள். கல்யாண மண்டபம் மாதிரி இருந்தது. கோழிகள் உள்ளே போய்க் காலால் அமுக்கிப் பார்த்தன. ஒருவழியாக அந்த வீட்டில் எனக்கு ஒரு விஷயம் சரியாக வந்துவிட்டது என்று நினைத்தேன்.

கோழியின் தொழிலே காலால் கிளறுவதுதான் என்று அறிவியல் டீச்சருக்குத் தோன்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் தாழ்ப்பாளைத் திறந்தேன். வழக்கமாக ஐந்தும் முட்டிமோதிக்கொண்டு வெளியே பாயும். அன்றைக்கு ஒன்றும் வரவில்லை. குனிந்து பார்த்தேன். உள்ளே கலர் கலராக ஒரு பந்து. அதிலிருந்து ஐந்து தலைகள் நீட்டிக்கொண்டு என்னையே பார்த்தன.

நான் மகளைக் கூப்பிட்டு "பாப்பா!" என்று கத்தியதுதான் தப்பு. பந்து பயந்துபோய் எழுந்து ஓடியது. ஆமாம், மொத்தமாக ஓடியது. பத்துக் கால், ஐந்து மூளை. சிவப்புக் கோழி துவைக்கிற கல்லுக்கு இழுக்கிறது, கருப்புக் கோழி முருங்கை மரத்துக்கு இழுக்கிறது, மற்ற மூன்றும் நடுவில் உருண்டு புரண்டு கூச்சல் போடுகின்றன. மரத்தை இரண்டு சுற்று சுற்றியதில் மரமும் சேர்ந்துகொண்டது. பின்னால் மழைக்கோட்டும் கண்ணாடியுமாக நான். கிளிப்பச்சை நூல் ஒன்று என் செருப்பிலும் மாட்டிக்கொண்டு, நானும் அந்தக் கூட்டத்தில் ஆறாவது ஆளாக ஓடினேன்.

மதில் மேல் பக்கத்து வீட்டுக்காரியின் தலை வந்தது. எங்களைப் போலவே தறிக்காரர்கள் வீடு அது.

"ஏமைந்தி அக்கா, இன்னாச்சு? காலங்காத்தால இன்னா ஆட்டம்?" என்றவள், பார்த்துவிட்டு மதிலைப் பிடித்துக்கொண்டாள். "அய்யய்யோ! கோழிக்குப் பொடவை நெய்றீங்களா? எத்தினி மொழம்? பார்டர் மேட்ச் ஆவலியே!"

"சிரிக்காதடி! இந்தப் பக்கம் வந்து புடி!"

"நான் வர்லம்மா. என்னையும் சேத்து நெய்ஞ்சிடுவீங்க."

சத்தம் கேட்டு வீட்டுக்காரர் ஓடிவந்தார். பின்னால் மகளும். ஒரு துப்பட்டாவை வீசி மகள் பந்தை அமுக்கினாள். நான் கத்தரிக்கோலை நீட்டினேன். வீட்டுக்காரர் என் கையைப் பிடித்துவிட்டார்.

"வெட்டக் கூடாது. நுனி எங்க கீதுன்னு மொதல்ல பாக்கணும்."

முப்பது வருடம் தறியில் நின்றவர். நூலைக் கண்டால் நுனி தேடாமல் இருக்க முடியாது. உயிர் போகிற மாதிரி கத்திக்கொண்டிருக்கும் ஐந்து கோழிகளுக்கு முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து, மஞ்சள் இழையின் நுனியைத் தேட ஆரம்பித்தார்.

"நைனா, இது சேலை இல்ல. கோழி" என்றாள் மகள்.

"தெரியும்மா. இருந்தாலும் நல்ல நூலு."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வந்தால் நிற்காது. முருங்கை மரத்தில் சாய்ந்துகொண்டு, கண்ணாடிக்குள்ளே தண்ணீர் கோத்துக்கொள்ளும் அளவுக்குச் சிரித்தேன். ஒவ்வொரு கோழியாக வெட்டியும் அவிழ்த்தும் விட்டோம். சிவப்பு விடுபட்டதும் திரும்பிப் பார்க்காமல் துவைக்கிற கல்லின் மேல் ஏறி நின்று எங்களைத் திட்டியது.

கடைசியில் கருப்பு. அதை எடுத்ததும் என் சிரிப்பு நின்றது. ரோஸ் நூல் ஒன்று அதன் இடது கால் விரலைச் சுற்றிச் சுற்றி இறுக்கியிருந்தது. விரல் வீங்கி, நூல் சதைக்குள்ளே புதைந்து, செதிலுக்கடியில் மயிரிழை மாதிரி ஒரு கோடுதான் தெரிந்தது. நுனி நீலமாகிக்கொண்டிருந்தது. கருப்பு கத்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

கத்தரிக்கோல் உள்ளே போகாது. வீட்டுக்காரர் குனிந்து பார்த்தார். அவர் விரல் ஒவ்வொன்றும் கோழியின் கால் அளவு. கோழியை என்னிடம் கொடுத்தார். நான் கத்தரிக்கோல் முனையை நூலருகே கொண்டுபோனேன். அந்த விரலையே குத்திவிடுவேன் போலிருந்தது.

"குடு" என்றாள் மகள். "நைனா, அச்சுல இழை இழுக்கிற கொக்கி எடுத்துக்கினு வா."

பேனா நீளத்தில் இருக்கும் தட்டையான கம்பி அது, முனையில் ஒரு சின்னக் கொக்கி. தறியில் அறுந்த இழையை, சீப்பு மாதிரி இருக்கும் அச்சின் இடுக்கு வழியாக இழுத்துவிட அதைத்தான் வைத்திருப்போம். அவர் ஓடிப்போய்க் கொண்டுவந்தார். நான் கோழியைத் துண்டில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டேன். என் மடியில் அதன் இதயம் தறி மாதிரி அடித்தது. மகள் எதிரே மண்டியிட்டு, கொக்கியின் முனையைச் செதிலுக்கடியில் விட்டாள். ஒரு இழையைத் தூக்கினாள். கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் அந்த இழையைக் கிள்ளிப் பிடித்து மெதுவாக இழுத்தாள். ஒரு சுற்று கழன்றது. மறுபடி கொக்கி. மறுபடி கிள்ளல். இன்னொரு சுற்று.

வலது கையால்.

பயறு நழுவும் அதே இரண்டு விரலால், பயறில் நூறில் ஒரு பங்கு கூட இல்லாத இழையை.

நான் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவரும் பார்த்துவிட்டார். வாயைத் திறந்தார். நான் ரப்பர் செருப்புக் காலை நீட்டி அவர் காலை மிதித்தேன். வாய் மூடியது. மதில் மேலிருந்து, "பாப்பா கை இப்ப நல்லாத்தான..." என்று ஆரம்பித்தவளை நான் கண்ணாடி வழியாகப் பார்த்த பார்வையில் அவளும் நிறுத்தினாள். சொன்னால் விரலுக்கு ஞாபகம் வந்துவிடும், மறுபடியும் மரத்துப்போகும் என்று எங்கள் மூன்று பேருக்கும் ஒரே நேரத்தில் தோன்றியிருக்க வேண்டும்.

கடைசிச் சுற்று கழன்றது. நூல் வந்த இடத்தில் ஒரு சிவப்புக் கோடு. நீல நுனி கொஞ்சம் கொஞ்சமாகச் சிவந்தது. கருப்பு ஒரு பெரிய கொக்கரிப்புப் போட்டு என் மழைக்கோட்டின் மேல் எச்சமிட்டது.

மகள் நிமிர்ந்தாள். "இன்னா, மூணு பேரும் மூச்சு விடாம நிக்கிறீங்க?"

"ஒண்ணும் இல்லியே" என்றார் அவள் நைனா. கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னார்.

அவள் எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தாள். பிறகு கையில் கிள்ளிப் பிடித்திருந்த ரோஸ் இழையைப் பார்த்தாள். எழுந்து உள்ளே போய்ப் பயறுத் தட்டை எடுத்துவந்தாள். கோழியின் எதிரே உட்கார்ந்து ஒரு பயறை எடுத்து நீட்டினாள். கருப்பு கொத்தியது. இன்னொன்று. இன்னொன்று. நான்காவது நழுவியது. ஐந்தாவது நழுவவில்லை. நான் எண்ணிக்கொண்டே இருந்தேன். இருபதுக்கு மேல் கண்ணாடிக்குள் எதுவும் தெரியவில்லை.

அன்றைக்கு முழுக்கக் கூண்டு வேலைதான். நூலை ஒரு இழை விடாமல் பொறுக்கினோம். வேர்க்கடலைத் தோலை நொறுக்கி உமியோடு கலந்து பரப்பச் சொன்னாள் பக்கத்து வீட்டுக்காரி. அவள் வீட்டிலிருந்து ஒரு மூட்டை கொண்டுவந்தும் கொடுத்தாள். "இதுல பொடவை நெய்ய முடியாது அக்கா, தைரியமா போடு" என்றாள். வீட்டுக்காரர் பொறுக்கிய மஞ்சள் நூலைத் தனியாகச் சுற்றி எடுத்துக்கொண்டு போனார். அவருக்கு நுனி கிடைத்துவிட்டது.

திங்கட்கிழமை விடியற்காலை கம்பெனி பஸ் தெருமுனையில் ஹாரன் அடித்தபோது நான் கூண்டுக்குள் தலையை விட்டிருந்தேன். பார்க்க முடியவில்லை. "அம்மா, போய்ட்டு வர்றேன்" என்ற குரல் முதுகுக்குப் பின்னால் கேட்டது. சரி என்று கூண்டுக்குள் சொன்னேன். சிவப்புதான் பதில் சொன்னது.

அன்று பள்ளிக்கு லீவு போட்டுவிட்டேன். போன் சாப்பாட்டு நேரத்துக்கு வந்தது.

"அம்மா, முட்டை இருக்குதா பாத்தியா?"

"முட்டையை விடு. கை எப்பிடிடி இருக்குது?"

"கை இருக்குது. நீ பெட்டியப் பாரு."

போனைக் காதில் வைத்துக்கொண்டே ஓடிப்போய் மரப்பெட்டியில் கையை விட்டுத் துழாவினேன். கடலைத் தோல்தான். "இல்லடி. உக்கார வெச்சுப் பாத்தாங்களா? இன்னா சொன்னாங்க?"

"நல்லாப் பாத்தியா? மூலையில?"

"மூலையிலயும் இல்ல! சொல்லித் தொலையேன்டி!"

அந்தப் பக்கம் அவள் எதையோ மென்றுகொண்டிருந்தாள். "ஒரு தட்டு முடிச்சுக் குடுத்தேன். பாத்துட்டு ரெண்டாவது தட்டு குடுத்திருக்காங்க. கொஞ்சம் மெதுவாத்தான் வருது. பழைய எடத்துலதான் உக்காந்துக்கினு இருக்கேன்."

எனக்கு அந்தச் சிரிப்பு வந்துவிட்டது. கூண்டின் இரும்புச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"ம்மா, சிரிச்சது போதும். கேளு. முட்டைய நான் சாயந்திரம் வந்து பாத்துக்கிறேன். அது வரைக்கும் கூண்டக் கழுவாத. கோழி பயந்துக்கும்."

சாயந்திரம் வந்து பார்த்துக்கிறேன் என்றாள். அதைத்தான் நான் கேட்டுக்கொண்டே இருந்தேன். கழுவ மாட்டேன் என்று சத்தியம் செய்து கொடுத்தேன். நான்கு மணி வரைக்கும் தாங்கினேன். பிறகு கண்ணாடியையும் மழைக்கோட்டையும் மாட்டிக்கொண்டு, தண்ணீர்க் கிண்ணத்தை மட்டும் கழுவினேன்.