ஞானம் கேட்ட கேள்வியும் நான் போட்ட டிக்கும்

செய்தி தேசிங்கிடமிருந்துதான் போனில் வந்தது. காலை பத்து மணி இருக்கும். ரேஷன் கடை வரிசையில் நின்று முட்டி வலி தாங்காமல் பக்கத்து வீட்டுப் படியில் உட்கார்ந்திருந்தேன். "சார், ஞானண்ணன் பூட்டாரு" என்றார். வேறு யார் சொல்லியிருந்தாலும் எப்போது, எப்படி என்று கேட்டிருப்பேன். தேசிங்கிடம் எதையும் கேட்க எனக்கு வாய் வருவதில்லை. சரிப்பா என்று மட்டும் சொல்லிவிட்டு, அரிசி வாங்காமலே வீட்டுக்குத் திரும்பினேன். ஏன் வெறும் பையோடு வந்தீர்கள் என்று என் மனைவி கேட்டாள். ஞானம் போய்விட்டான் என்று அவளிடம் சொன்னபோதுதான் எனக்கே உறைத்தது.

நமது ஓய்வுபெற்றோர் சங்க மலருக்கு இரண்டு பக்கம் எழுதித் தரச் சொன்னார்கள். நீங்கள்தானே நெருக்கம் என்றார்கள். நெருக்கம்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ஞானத்தைப் பற்றி எழுதினால் தேசிங்குக்கு வேலை போன கதையையும் எழுதியாக வேண்டும். அதை விட்டுவிட்டு எழுத நான்கு நாள் முயன்றேன். ஒவ்வொரு தாளும் கல்யாணப் பத்திரிகை மாதிரி வழவழவென்று வந்தது, கிழித்துப் போட்டேன். எனக்கும் எழுபது நெருங்குகிறது. ஒரு பொய்யைத் தூக்கிக்கொண்டு நடந்து நடந்து அலுத்துவிட்டது.

புதிதாகச் சேர்ந்த உறுப்பினர்களுக்காகச் சொல்கிறேன். ஞானசிகாமணி, மணலிப் பக்கம் நாங்கள் வேலை பார்த்த, இப்போது மூடிக் கிடக்கும் கெமிக்கல் கம்பெனியில் கருவிகளைப் பழுது பார்க்கும் டெக்னீஷியன். அவருடைய அப்பா தெற்கேயிருந்து வந்து காலடிப்பேட்டையில் மளிகைக் கடை போட்டவர். பொட்டலம் கட்டப் பழைய காகிதம் எடைக்கு வாங்குவார்கள் அல்லவா, அந்தக் குவியலில் ஒரு கல்லூரித் தர்க்கப் பாடப் புத்தகம் பாதியாகக் கிடந்திருக்கிறது. ஞானம் அதை எடுத்து ஒளித்து வைத்துக்கொண்டார். "மொத மூணு அத்தியாயத்த ஜனங்க தொவரம்பருப்போட கொண்டு பூட்டாங்க, நாலுலேருந்துதான் எனக்குத் தெரியும்" என்பார். தர்க்கம் என்றால் என்ன என்ற விளக்கம் அந்த மூன்றில் இருந்திருக்கும் போல. கடைசிவரை அவர் யாருக்கும் அதை விளக்கியதில்லை, செய்துதான் காட்டினார்.

கம்பெனியில் யாருக்காவது குற்றச்சாட்டுக் கடிதம் வந்தால் நேராக ஞானத்திடம்தான் போவார்கள். அவர் காதிலிருந்து பென்சிலை எடுத்து வரிக்கு வரி அடிக்கோடு போடுவார். எழுதியவன் கண்ணால் பார்த்ததற்கு நேர்க்கோடு, பிறர் சொல்லிக் கேட்டதற்கு வளைகோடு, அவனாக முடிவு கட்டியதற்குப் புள்ளிக்கோடு. ஒரு முறை ஒரு தமிழாசிரியர் இதைப் பார்த்துவிட்டு, காண்டல், உரை, கருதல் என்று நம் பழைய ஆட்களே மூன்றாகப் பிரித்து, அளவை என்று பேர் வைத்திருக்கிறார்கள் என்றார். ஞானத்துக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. ஒரு வாரம் கேன்டீனில் போவோர் வருவோரிடமெல்லாம் சொல்லிச் சொல்லி உயிரை எடுத்துவிட்டார். ஆனாலும் வேலை நடந்தது. நாலு பக்கக் கடிதத்தில் நேர்க்கோடு இரண்டே வரிக்குத்தான் விழுந்திருக்கும், அந்தத் தாளை அப்படியே மேஜையில் வைத்துப் பல பேரைக் காப்பாற்றியிருக்கிறார்.

அவர் சும்மா குதர்க்கம் பேசுகிறவர் என்று நினைத்தவர்களும் உண்டு. நானும் சில நாள் அப்படித்தான் நினைத்தேன். ஒரு மத்தியானம் கடல் உள்ளே வருகிறது என்று ஒரு புரளி கிளம்பி, எண்ணூர் நெடுஞ்சாலையில் லாரிகளுக்கு நடுவே ஜனங்கள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு மேற்கே ஓடினார்கள். ஞானம் எல்லாரையும் நிறுத்தி யார் பார்த்தது என்று கேட்டார். ஒருவரும் பார்க்கவில்லை. உடனே அவரும் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஓட ஆரம்பித்தார், எனக்கு முன்னால். மூச்சு வாங்கிக்கொண்டு ஒரு டீக்கடையில் நின்றபோது, என்னய்யா, யாரும் பார்க்காததற்கு நீ ஏன் ஓடினாய் என்று மடக்கினேன். "ஓடறதுக்கு 'இருக்கலாம்' போதும், தாமு. ஒருத்தன் வேலயப் புடுங்கறதுக்குத்தான் போதாது" என்றார். அன்று நான் சிரித்தேன்.

இனி அந்த விஷயம். அப்போது நான் ஷிப்டு இன்சார்ஜ். மணிக்கு ஒரு முறை வெயிலில் போய் ஒவ்வொரு வால்வையும் பார்த்து, ரவுண்டு ஷீட்டில் டிக் போட்டுக் கையெழுத்திட வேண்டும். நாங்கள் நான்கு இன்சார்ஜுகள், நான்கு பேருமே கன்ட்ரோல் ரூமை விட்டு எழுந்திருக்க மாட்டோம். கடிகாரத்தைப் பார்த்து டிக் போடுவோம். எப்போதும் மூடியிருக்கிற வால்வு இன்றைக்கும் மூடித்தான் இருக்கும் என்பது எங்கள் சாஸ்திரம். வெளியே யாருக்கும் இது தெரியாது என்று ஒரு நினைப்பு வேறு.

அன்று அமில டாங்கு கழுவிக் காலியாகக் கிடந்தது. நாலரைக்குப் பம்பு ஆபரேட்டர் தேசிங்கு அதில் அமிலம் ஏற்ற வேண்டும். இன்சார்ஜின் டிக் இருந்தால் ஆபரேட்டர் பம்பைப் போடலாம், வடிகால் வால்வை அவர் தனியாகப் பார்க்கத் தேவையில்லை, அதுதான் விதி. நாலு மணிக் கட்டத்தில் என் டிக் இருந்தது. தேசிங்கு அதைப் பார்த்தார், பூட்டியிருக்கும் டாங்கு வளாகத்தின் சாவி வாங்கி உள்ளே போனார், பம்பைப் போட்டார். வடிகால் திறந்திருந்தது. அமிலம் தரையெல்லாம் ஓடி, வளாகத்துக்கு வெளியே வேலை செய்துகொண்டிருந்த ஒப்பந்தத் தொழிலாளி ஒருவரின் பாதம் வெந்துபோனது.

நிர்வாகத்தின் வாதம் நாலே வரி. நாலு மணிக்கு வால்வு மூடியிருந்தது, இன்சார்ஜ் பார்த்திருக்கிறார். அதற்குப் பிறகு உள்ளே போனது தேசிங்கு மட்டும், சாவிப் பதிவேடு சொல்கிறது. பிறகு வால்வு திறந்திருந்தது. ஆகவே திறந்தது தேசிங்கு. கம்பெனியே நடத்திய விசாரணையில் தேசிங்குக்காகப் பேச ஞானம் வந்தார். என்னிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "நாலு மணிக்கு அந்த வால்வ நீங்க பாத்தீங்களா, இல்ல மூடியிருக்கும்னு நெனச்சீங்களா?" பார்த்தேன் என்றேன். தேசிங்கு எனக்கு எதிரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். ஞானம் பென்சிலைக் கீழே வைத்துவிட்டார்.

அன்று சாயங்காலம் பஸ் நிறுத்தத்தில் என் பக்கத்தில் வந்து நின்றார். கோபமாக இருந்தால் சண்டை போட்டுத் தீர்த்திருக்கலாம், அவர் கோபப்படவில்லை. "அவங்க கணக்குல தப்பே இல்ல, தாமு. நாலு மணிக்கு மூடியிருந்துச்சி, நடுவுல வேற யாரும் போவல, தேசிங்கு தொறக்கல. இந்த மூணும் ஒண்ணா நிக்காது. எதனா ஒண்ணு பொய்யா இருந்தாவணும். எதுன்னு எனக்குத் தெரியாது" என்றார். அப்படியானால் தேசிங்குதான் பொய் சொல்கிறான் என்றேன். "இருக்கலாம்" என்று சொல்லிவிட்டு, வந்த பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார். அவருக்கும் எனக்கும் ஒரே பஸ்தான். நான் ஏறவில்லை.

உண்மையைச் சொல்லியிருந்தால் என் வேலை போயிருக்கும். எனக்குக் குடும்பம் இருந்தது. தேசிங்குக்கும் இருந்தது. இதற்கு மேல் இதில் நியாயம் பேச எனக்குத் தெம்பில்லை. தேசிங்கை வேலையை விட்டு நீக்கினார்கள். அவர் குப்பத்துக்குத் திரும்பி, அண்ணனோடு படகில் போனார், பிறகு ஐஸ் உடைக்கப் போனார். தாமுதான் பொய் சொல்லியிருப்பான் என்று சங்கத்தில் அப்போதே பேச்சு எழுந்தது. உங்களில் சிலரே பேசினீர்கள், எனக்குத் தெரியும். ஞானம் வாயைத் திறந்து ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் என்னைத் தெருவில் நடக்க விட்டிருக்க மாட்டீர்கள். பார்க்காததைச் சொல்ல மாட்டேன் என்று அவர் எல்லார் வாயையும் அடைத்துவிட்டார். பார்க்காததைச் சொல்வதில்லை என்ற அந்தக் கண்டிப்பு தேசிங்கைக் காப்பாற்றியிருக்க வேண்டும், என்னைக் காப்பாற்றியது. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அவர் வீட்டுக்குப் போய்ப் பிரியாணி சாப்பிட்டேன். இருபது வருஷத்துக்கு மேல் அப்படியே ஓடியது. வெட்கமாகத்தான் இருக்கிறது.

போன மாதம் அவர் படுக்கையில் விழுந்த பிறகு பார்க்கப் போனேன். மூக்கில் குழாய், பேச்சு விட்டுவிட்டு வந்தது. இன்று சொல்லிவிடுவது என்று முடிவு செய்துதான் போயிருந்தேன். அந்த வால்வு விஷயம் ஞானம், என்று ஆரம்பித்தேன். கையைத் தூக்கி நிறுத்தினார்.

"என்னாண்ட சொல்லாத. இப்ப வரிக்கும் எனக்குத் தெரியாது. நீ சொன்னா தெரிஞ்சிடும். தெரிஞ்சா நான் எழுந்து போய் அவனாண்ட சொல்லணும், என்னால முடியுமா? நீ போய்ச் சொல்லு."

அவ்வளவு பேசியதிலேயே களைத்துப் போய்க் கண்ணை மூடிக்கொண்டார். நான் அங்கிருந்து நேராகக் காசிமேட்டில் தேசிங்கு வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை, வீட்டுக்குத்தான் போனேன். நாளைக்கு, நாளைக்கு என்று மூன்று வாரம் தள்ளினேன். அதற்குள் தேசிங்கே போன் செய்துவிட்டார்.

அடக்கத்துக்கு நல்ல கூட்டம். ஞானத்தின் மனைவி ரெஜினா அழுதபடியே என் மனைவியிடம் சொன்னாராம், கல்யாணம் ஆன நாளிலிருந்து 'நீ எப்பவுமே இப்படித்தான்' என்று ஒரு தடவைகூட அவர் திட்டியதில்லை, 'எப்பவுமே' என்றால் எல்லா நாளும் பார்த்திருக்க வேண்டுமாம். மண் போட்டுவிட்டு எல்லாரும் கலைந்த பிறகு தேசிங்கு கல்லறைச் சுவரோரம் நிழலில் உட்கார்ந்திருந்தார். நானும் போய் உட்கார்ந்தேன். அன்றைக்கு அந்த வால்வை நான் பார்க்கவே இல்லை தேசிங்கு, சும்மா டிக் போட்டேன் என்றேன்.

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் தன் காலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"சாவி வாங்கினது நானு, உள்ள போனது நானு. நீங்க பாத்தேன்னு சொன்னீங்க. அப்ப நான்தான் போற வழில கால்ல கீல்ல இடிச்சி அத்தத் தொறந்து வுட்டுட்டேன்னு நெனச்சிகினு கீறேன் சார், இத்தினி வருஷமா. அந்த ஆளு காலு வெந்தது என்னாலதான்னு."

அவர் பொய் சொல்கிறார் என்று நான் சொன்னேன். அவரோ என் பேச்சை நம்பித் தன் ஞாபகத்தைச் சந்தேகப்பட்டிருக்கிறார். வேலையைத்தான் எடுத்தேன் என்று நினைத்திருந்தேன். எழுந்து போகும்போது ஒன்றே ஒன்று கேட்டார். இதை எழுதித் தருவீர்களா சார், என் பொண்ணுகிட்டக் காட்டணும் என்றார்.

மலர்க் குழுவினர் இதைச் சுருக்காமல் போட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். அன்று நாலு மணிக்கு நான் அந்த வால்வைப் பார்க்கவில்லை. பார்த்தேன் என்று விசாரணையில் சொன்னது பொய். தேசிங்கு அதைத் திறக்கவில்லை என்றும் சேர்த்து எழுத என் கை துடிக்கிறது. ஆனால் அதையும் நான் பார்க்கவில்லை. ஞானத்திடமிருந்து என்னிடம் மிஞ்சியது இந்த ஒரு கண்டிப்புதான், அதுவும் இவ்வளவு தாமதமாக. பார்க்காததை ஒரு தடவை எழுதியாயிற்று, இனி எழுத மாட்டேன்.