பிசிறைப் பழக்கியவள்

தபஸ்ஸும் வேலம்பாளையத்துப் பனியன் கம்பெனி ஒன்றில் பிரிண்டிங் டிசைனராக இருந்தாள். குழந்தைகள் சட்டையின் நெஞ்சில் வரும் கரடி, டைனோசர், கண்ணாடி போட்ட பூனை எல்லாம் அவளுடைய கம்ப்யூட்டரைத் தாண்டித்தான் துணிக்குப் போகும். அவற்றை வரைந்தவர்கள், சட்டைகளை வாங்கும் பையர்களின் ஆட்கள், கடல் தாண்டி எங்கோ இருந்தார்கள். அவர்கள் அனுப்பும் படத்தை நிறம் நிறமாகப் பிரித்து அச்சுக்குத் தயார் செய்வதுதான் இவள் வேலை.

"இந்தக் கரடிக்குக் கழுத்தே இல்லீங்க சார். திரும்பிப் பாக்கோணும்னா முழு உடம்பும் திரும்போணும்" என்று ஒருமுறை முதலாளி மோகன்ராஜிடம் சொன்னாள்.

"பையர் கழுத்து கேட்டாங்களா கண்ணு?"

"இல்லீங்க."

"அப்ப கழுத்தில்லாமயே போகட்டும் உடு."

தனக்கென்று ஒரு பிராணி வேண்டும் என்று அவளுக்குத் தோன்றியது அந்தச் சமயத்தில்தான்.

தெரியாது என்ற சொல் தபஸ்ஸும் வாயில் லேசில் வராது. தெரியும் என்று முதலில் சொல்லிவிடுவாள். பிறகு ஓடிப்போய்க் கற்றுக்கொள்வாள். அனிமேஷன் கற்றதும் அப்படித்தான். கல்லூரியில் யாரோ கேட்டபோது தலையாட்டிவிட்டு, அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்துதான் அது என்னவென்று தேடிப் பார்த்தாள். ஒரு வருஷத்தில் ஒரு பந்தைத் துள்ளவைத்தாள். அடுத்த வருஷம் ஒரு கோழி நடந்தது.

பிராணி அவளுக்குக் கம்பெனியிலேயே கிடைத்தது. தைத்து முடித்த சட்டைகளில் தொங்கும் நூலைப் பெண்கள் கத்தரிக்கோலால் வெட்டிப் போடுவார்கள். அந்தப் பிசிறு தரையில் சிவப்பும் பச்சையும் நீலமுமாகக் குவிந்து கிடக்கும். ஒரு டீ நேரத்தில் மின்விசிறிக் காற்றுக்கு ஒரு பிசிறு உருண்டை தானாக உருண்டு, வாசல்வரை போய், யாரோ கூப்பிட்டதுபோல நின்றது. தபஸ்ஸும் டீயைக் கீழே வைத்துவிட்டு வரைய உட்கார்ந்தாள். கன்றுக்குட்டி உயரம், உடம்பெல்லாம் நூல், கண்ணுக்கு இரண்டு பொத்தான். நல்ல நீளமான கழுத்து. அதற்குப் பெயர் பிசிறு. அதைப் பழக்குகிறவள் மைமூன் என்ற பத்து வயதுப் பெண்.

விடியற்காலையிலும் ஞாயிற்றுக்கிழமைகளிலும் உழைத்து மூன்று பாகம் முடித்தாள். முதல் பாகத்தில் மைமூன் யாரும் நுழையாத ஒரு குடோனுக்குள் போகிறாள்; பிசிறு சீறிக்கொண்டு வருகிறது; அவள் கையைத் தூக்கி "உக்காரு" என்கிறாள்; அது உட்காருகிறது. இரண்டாம் பாகத்தில் அதன்மேல் ஏறி மேம்பாலத்தில் பறக்கிறாள். மூன்றாவதில் இன்னும் நான்கு பிராணிகளை ஒரே மூச்சில் அடக்கிவிடுகிறாள். யூடியூபில் போட்டதோடு, மோகன்ராஜிடம் கேட்டுக் கம்பெனி கேன்டீன் டிவியிலும் ஒரு மதியம் ஓடவிட்டாள்.

எல்லாரும் சாப்பிட்டுக்கொண்டே பார்த்தார்கள். நல்லாயிருக்கு என்றார்கள். கை கழுவப் போய்விட்டார்கள். ஓவர்லாக் மிஷினில் தைக்கும் ஒச்சாயி மட்டும் டிபன் பாக்ஸை மூடாமல் உட்கார்ந்திருந்தாள். உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து குடும்பத்தோடு திருப்பூருக்கு வந்தவள். கம்பெனிக்குப் பின்னால் ஒரே வரிசையாகக் கட்டியிருந்த லைன் வீடுகளில் ஒன்றில் குடியிருந்தாள்.

"ஒண்ணு கேக்குறேன் தபசு, கோவிச்சுக்கிராத. அம்புட்டுப் பெரிய உருப்படி, முன்னப்பின்ன தெரியாத புள்ள சொன்னதும் எதுக்கு உக்காருது?"

"அவ பழக்கறவ இல்லீங்களாக்கா? டிரெயினர்."

"என்னத்தப் பழக்குனா? வந்தா, சொன்னா, உக்காந்துருச்சு. எங்க வீட்டு ஆட்டுக்குட்டி ஒண்ணு இருக்கு. சோறு போடுற என்னையவே மதிக்க மாட்டேங்குது."

தபஸ்ஸுமுக்குச் சுருக்கென்றது. "ஆட்ட எப்படிப் பழக்குவீங்க?"

"ஆட்ட யாரு பழக்குறா? கட்டிப் போடுவோம். அத்துக்கிட்டு ஓடுனா வெரட்டிப் பிடிப்போம். அவ்வளவுதேன்."

"எனக்குத் தெரியுமுங்க்கா. குட்டியக் குடுங்க, பழக்கிக் காட்டறேன்."

பக்ரீத்துக்கு ஆடு வாங்குவது கட்டுவது எல்லாம் அவள் அத்தாவின் வேலை. அவள் எட்ட நின்று பார்ப்பதோடு சரி. அன்றுவரை ஒரு ஆட்டைத் தொட்டதில்லை.

செவலை என்ற அந்தப் பெட்டைக்குட்டி ஸ்கூட்டரின் முன்பக்கம் நின்றுகொண்டு தபஸ்ஸும் வீட்டுக்கு வந்தது. அவள் அத்தா நஸ்ருதீன் பனியன் கம்பெனிகளுக்கு எலாஸ்டிக், பொத்தான், ஜிப் விற்பவர். கீழே கடை, மேலே வீடு. குட்டியைப் பார்த்ததும் கடைக்கு வந்தவர்கள் எல்லாரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்.

"பக்ரீத்துக்குங்களா பாய்?"

"இல்லீங்க, கார்ட்டூனுக்கு" என்றார் நஸ்ருதீன். கேட்டவர்கள் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டுப் போனார்கள்.

முதல் நாள் தபஸ்ஸும் மைமூன் மாதிரியே கையைத் தூக்கி "உக்காரு" என்றாள். செவலை அவள் துப்பட்டாவின் நுனியைத் தின்றது. விசிலடித்துப் பார்த்தாள். கைதட்டிப் பார்த்தாள். குட்டி மாடிப்படியில் ஏறி, அங்கிருந்து எலாஸ்டிக் கட்டுகளின் மேல் குதித்து, கடை முழுவதும் ரப்பர் நாடாவை இழுத்துக்கொண்டு தெருவுக்கு ஓடியது. நஸ்ருதீன் பின்னாலேயே ஓடிப்போய்க் குட்டியைப் பிடித்து, நாடாவையும் சுற்றிக்கொண்டு வந்தார்.

"ஏங் கண்ணு, இதுக்கு நீ சொல்றது புரியுதா?"

"புரியுதுங்கத்தா. கேக்கத்தான் மாட்டேங்குது."

பிறகு பொரி கொடுத்துப் பழக்கினாள். பெயரைச் சொன்னதும் திரும்பினால் ஒரு பிடி. கிட்டே வந்தால் இன்னொரு பிடி. கொஞ்ச நாளில் கூடத்தின் ஒரு மூலையிலிருந்து "செவலை" என்றால் அடுத்த மூலையிலிருந்து குட்டி குளம்புச் சத்தத்தோடு வந்தது. தபஸ்ஸுமுக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு சனிக்கிழமை டீ நேரத்தில் அதைக் கம்பெனி வாசலுக்கே கொண்டுவந்து எல்லாரையும் வட்டமாக நிற்கச் சொன்னாள். கயிற்றை அவிழ்த்துவிட்டு, பொரியோடு எதிர்ப்பக்கம் போய் நின்றாள்.

"பாருங்க்கா. செவலை! வா!"

அந்த நேரம் பார்த்து அயர்ன் செக்‌ஷனில் நீராவி புஸ்ஸென்று பீறிட்டது. குட்டி மிரண்டு, நின்றவர்களின் கால்களுக்கு நடுவே புகுந்து, பின்பக்கம் ஓடிவிட்டது. அவள் கூப்பிடக் கூப்பிட இன்னும் வேகமாக ஓடியது. பின்பக்கம் போய்ப் பார்த்தால் குட்டியும் இல்லை, அங்கே கட்டிங் வேஸ்ட் துணி மூட்டைகளை ஏற்றிக்கொண்டிருந்த மினி லாரியும் இல்லை. வண்டி அவிநாசிபாளையத்து வேஸ்ட் குடோனுக்குப் போயிருப்பதாக வாட்ச்மேன் சொன்னார். பின்னால் மூட்டைகளுக்கு நடுவே ஏதோ கத்தியது போலவும் இருந்ததாம்.

ஒச்சாயி ஒரு வார்த்தை திட்டவில்லை. ஸ்கூட்டரில் பின்னால் ஏறி உட்கார்ந்தாள். தாராபுரம் ரோட்டில் பாதித் தூரம் போனபிறகு தபஸ்ஸும் தோளைத் தட்டினாள். "நூலு முழுங்குனா ஆட்டுக்குக் குடலு சிக்கிக்கிரும் தபசு. வெரசாப் போ."

குடோனுக்குள் துணித் துண்டுகள் மலை மலையாகக் கிடந்தன. வெள்ளை ஒரு மலை, கறுப்பு ஒரு மலை, கலர் ஒரு மலை. செவலை லாரியிலிருந்து குதித்து உள்ளே ஓடியதை லோடுமேன்கள் பார்த்திருந்தார்கள். அதற்குள் ஆளாளுக்குத் தேட ஆரம்பித்திருந்தார்கள். ஒருவர் "பா பா" என்றார். பீகார்க்காரப் பையன்கள் இரண்டு பேர் "ஆ ஜா, ஆ ஜா" என்று இந்தியில் கூப்பிட்டுக் கைதட்டினார்கள். ஒச்சாயி பெயர் சொல்லிக் கத்தினாள். கறுப்பு மலையின் உச்சியில் ஏதோ அசைந்தது. எல்லாரும் அங்கே ஓடியதும் அந்த அசைவும் நின்றுபோனது.

தபஸ்ஸுமும் கூப்பிடத்தான் வாயைத் திறந்தாள். திறந்த வாயை மூடிக்கொண்டாள். இத்தனை பேர் கத்தினால் நான்கூட உள்ளே போய் ஒளிந்துகொள்வேனே என்று அவளுக்குத் தோன்றியது. வீட்டுக் கூடத்தில் குட்டிக்குப் பயமில்லை; அதனால் வந்தது. இங்கே அதற்கு அவள் குரலும் மற்றவர்கள் குரலும் ஒன்றுதான்.

"எல்லாரும் கொஞ்சம் வெளிய போய் நில்லுங்க. அக்கா, நீங்களும்தான்."

"நான் வளத்த குட்டிடீ."

"தெரியுமுங்க்கா. நான் கூட்டிட்டு வர்றேன். போங்க."

ஒச்சாயி அவள் முகத்தைப் பார்த்தாள். பிறகு லோடுமேன்களையும் கூட்டிக்கொண்டு வெளியே போனாள்.

தபஸ்ஸும் கறுப்பு மலைக்கு முதுகைக் காட்டித் தரையில் உட்கார்ந்தாள். கூப்பிடவில்லை, திரும்பிப் பார்க்கவில்லை. கையோடு கொண்டுவந்த பொரியை மடியில் கொட்டி, ஒவ்வொன்றாக எடுத்துத் தானே தின்றாள். தகரக் கூரையின் வெக்கை இறங்கியது. வேர்வை முதுகில் வழிந்தது. திரும்பிப் பார்க்கச் சொல்லிக் கழுத்து நச்சரித்தது. குட்டி நூலை விழுங்கியிருந்தால் என்ற நினைப்பு வேறு வந்து வந்து போனது. ஆனாலும் அசையவில்லை. தன் மைமூன் கையைத் தூக்கிக் கட்டளை போடுகிற அந்தக் காட்சி ஞாபகத்துக்கு வந்தது. அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

ரொம்ப நேரம் கழித்துத் துணி சரியும் சத்தம் கேட்டது. நின்றது. மறுபடி கேட்டது. பிறகு முழங்கைக்குப் பக்கத்தில் சூடாக ஒரு மூச்சு. செவலை அவள் மடியில் மூக்கை நுழைத்தது. தபஸ்ஸும் அப்போதும் பிடிக்கவில்லை. அது தின்று முடிக்கட்டும் என்று விட்டாள். அதன் வாயோரம் ஒரு சிவப்பு நூல் தொங்கியது. அதை மெதுவாக இழுத்தாள்; முழுசாக வந்துவிட்டது. பிறகு எழுந்து வாசலைப் பார்த்து நடந்தாள். பின்னாலேயே குளம்புச் சத்தம் வந்தது.

ஒச்சாயி குட்டியைத் தூக்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். "என்ன மந்திரம்டீ போட்ட?"

"ஒண்ணுமே செய்யலீங்க்கா. அதுவாத்தான் வந்துச்சு" என்றாள் தபஸ்ஸும்.

மறுநாள் காலையிலேயே அவள் மூன்று பாகங்களையும் யூடியூபிலிருந்து எடுத்துவிட்டாள். மாதக்கணக்கான உழைப்பு. அம்மா பேகத்துக்குத்தான் மனசு கேட்கவில்லை.

"இருந்துட்டுப் போகட்டுமே கண்ணு. யாரு கேக்கப் போறா?"

"அது தப்பும்மா. எனக்கு இப்பத்தான் தெரியும்."

புது முதல் பாகத்திலும் மைமூன் அதே குடோனுக்குள் போகிறாள். பிசிறு சீறுகிறது. அவள் பயந்து வெளியே ஓடுகிறாள். மறுபடி வருகிறாள், இந்தமுறை முதுகைக் காட்டி உட்காருகிறாள். அவ்வளவுதான் கதை. பின்னால் அந்தப் பிராணி ஒரு அடி வைக்கிறது, நிற்கிறது, நூல்களைச் சிலிர்க்கிறது, இன்னொரு அடி வைக்கிறது. செவலையைப் பார்த்துப் பார்த்து ஒவ்வொரு அசைவையும் தபஸ்ஸும் வரைந்தாள். கழுத்து முதலில் வரும், கால் அப்புறம் வரும், காது எப்போதும் பின்பக்கம் திரும்பியிருக்கும் என்பதெல்லாம் இப்போது அவள் கைக்கே தெரிந்திருந்தது.

பிசிறுக்குக் குரல் கொடுத்தவள் ஒச்சாயி. கம்பெனியில் துணி ரோல்கள் அடுக்கிய அறையில் எதிரொலியே இருக்காது. மோகன்ராஜிடம் சாவி வாங்கி, வார விடுமுறை நாள் ஒன்றில் ரோல்களுக்கு நடுவே ஒச்சாயியை உட்காரவைத்து, போனை நீட்டினாள்.

"என்ன பேசணும்?"

"பேசவேண்டாங்க. பயமா இருக்கு, ஆனா அந்தப் பக்கம் என்ன இருக்குன்னு பாக்கவும் ஆசையா இருக்கு. அதுக்கு ஒரு சத்தம் குடுங்க."

ஒச்சாயி கொஞ்சம் யோசித்தாள். பிறகு தொண்டையின் அடியிலிருந்து ஒரு முனகல் கிளம்பி, பாதியில் கேள்வியாக மாறி, மூக்கில் முடிந்தது. தபஸ்ஸும் இரண்டாவது தடவை கேட்கவில்லை. அதையே வைத்துக்கொண்டாள்.

வெளியிட்ட புதிதில் நிறையப் பேர் பார்க்கவில்லை. மெல்ல மெல்லத் தாய்மார்கள் பகிர்ந்தார்கள். யாரோடும் ஒட்டாத தன் மகன் நாய்க்குட்டியின் பக்கத்தில் முதுகைக் காட்டி உட்கார்ந்ததாக ஈரோட்டிலிருந்து ஒரு அம்மா எழுதியிருந்தாள். நான்கு பாகம் வந்தபிறகு சென்னையிலிருந்து ஜெயபாரதி என்பவர் போன் செய்தார். குழந்தைகளுக்கான ஒரு சேனலில் நிகழ்ச்சிகளைத் தேர்வு செய்பவர்.

"உங்க பிசிறு எங்களுக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு தபஸ்ஸும். ஒரே ஒரு மாற்றம். வாரம் ஒரு பிராணியோட அது சண்டை போடட்டும். பசங்க அதைத்தான் எதிர்பார்ப்பாங்க."

"அது சண்டை போடாதுங்க மேடம்."

"போட வைக்கலாமே?"

"முடியாதுங்க. சண்டைக்கு விட்டா அப்புறம் மைமூன்கிட்ட அது ஏன் வரப் போகுது?"

"அப்ப வாரா வாரம் என்னதான் நடக்கும்?"

"வாரம் ஒரு விஷயம் அதுக்குப் பிடிக்காமப் போகுங்க. மழை, பாலம், புது மனுஷங்க. அது என்னன்னு மைமூன் கண்டுபிடிக்கோணும். சில வாரம் கண்டுபிடிக்க மாட்டா."

ஜெயபாரதி யோசித்துச் சொல்வதாக வைத்துவிட்டார். நஸ்ருதீன் கடையிலிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். கைக்கு வந்ததைத் தட்டிவிட்டாளோ என்று அவர் முகம் வாடியது. தபஸ்ஸும் அடுத்த பாகத்தை வரையப் போய்விட்டாள். அந்த வாரக் கடைசியில் மறுபடி போன் வந்தது. சண்டை வேண்டாம், முதலில் பத்து பாகம் செய்யுங்கள் என்றார் ஜெயபாரதி.

கம்பெனிக்கு இனி காலையில் மட்டும் வருகிறேன் என்று தபஸ்ஸும் மோகன்ராஜிடம் சொன்னாள். அவர் கொஞ்சம் முணுமுணுத்தார். பிறகு, "மத்தியானத்துக்கு வேற ஆளுக்குச் சொல்லிக் குடுத்துட்டுப் போ கண்ணு" என்றார். கடைக்கு மேலே இருந்த சின்ன அறை அவளுடைய ஸ்டுடியோ ஆனது. வண்ணம் தீட்ட இரண்டு பெண்களைச் சேர்த்துக்கொண்டாள்.

முதல் பாகம் டிவியில் வந்த ஞாயிற்றுக்கிழமை காலை, லைன் வீட்டுக் குழந்தைகள் அத்தனை பேரும் நஸ்ருதீன் கடையில் கூடிவிட்டார்கள். பிசிறு நிழலிலிருந்து கழுத்தை நீட்டியபோது ஒரு சிறுமி பொறுக்கமாட்டாமல், "அவ ஏன் கூப்பிடாம இருக்கா?" என்றாள்.

"சத்தம் போடாத. அது வருது பாரு" என்று பக்கத்தில் இருந்தவள் அதட்டினாள்.

ஒச்சாயி புதுச் சேலை கட்டிக்கொண்டு நடுவில் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அந்த முனகல் பெட்டியிலிருந்து வெளியே வந்ததும் வாயைப் பொத்திக்கொண்டாள். பாகம் முடிந்து விளம்பரம் ஓட ஆரம்பித்தும் கையை எடுக்கவில்லை. பிறகு தபஸ்ஸும் பக்கம் திரும்பினாள்.

"போன்ல இன்னொருக்கப் போடு தபசு. சத்தத்தக் கூட்டி வையி."