பேராசிரியை தலையில் பல்லி

வியட்நாமில், சைகோனுக்குப் பக்கத்தில், தூ டுக்கில் விலங்கியல் படிக்கப் போனேன். புலியைக் காட்டுவார்கள், யானையைக் காட்டுவார்கள் என்று நினைத்தால், காட்டியது கேண்டீன் சுவரில் இருந்த பல்லியை. சாயங்காலம் குழல்விளக்கு போட்டதும் வெறுங்கையால் பிடித்து, அளந்து, திரும்ப விட வேண்டும். வால் அறுந்த பல்லி செல்லாது. முழு வாலோடு ஒன்றையாவது பிடிக்காதவர்கள் பெயில் என்று பேராசிரியை கறாராகச் சொல்லிவிட்டார்.

வகுப்பே பிடித்து முடித்துவிட்டது. நான்தான் பாக்கி. காரைக்குடிக்காரி நான், பஞ்சாங்கத்தில் பல்லி விழும் பலனை வாய்ப்பாடு மாதிரி ஒப்பித்து வளர்ந்தவள். எங்கே விழுமோ, என்ன ஆகுமோ என்று கடைசி நொடியில் கையை இழுத்துக்கொள்வேன். இழுத்த கைக்கு வால் மட்டும்தான் மிஞ்சும். அப்படி மிஞ்சிய இரண்டு வால்கள் மேஜைமேல் துள்ளிக்கொண்டிருந்தன. சனியன்கள்!

"என்னா புள்ள, பல்லி பிடிக்கச் சொன்னா வாலா சேக்குற?" என்றாள் காரைக்கால் தோழி. அந்த வகுப்பில் எனக்குத் தமிழ் பேச இருந்த ஒரே ஆள் அவள்.

"பேசாம இருடி."

மூன்றாவதைப் பிடிக்க நாற்காலிமேல் ஏறி எட்டினேன். அது ஒரே தாவாகத் தாவி, கீழே நின்ற பேராசிரியையின் கொண்டையில் போய் உட்கார்ந்தது.

"தலையில விழுந்தா என்ன பலன்?" தோழி என் காதைக் கடித்தாள்.

"கலகம்."

"யாருக்கு? அவங்களுக்கா, உனக்கா?"

பேராசிரியை இம்மியும் அசையவில்லை. "பிடி," என்றார் ஆங்கிலத்தில், பல்லைக் கடித்துக்கொண்டு. "வால் பத்திரம்."

டீச்சர் தலையில் கை வைப்பதா! எங்கள் ஊரிலும் தப்பு, அந்த ஊரிலும் தப்பு. ஆனால் பெயிலானால் ஆத்தாவுக்கு யார் பதில் சொல்வது? முருகா என்று கண்ணை மூடிக்கொண்டு ஒரே அமுக்காக அமுக்கி இழுத்தேன்.

கை கனத்தது. கண்ணைத் திறந்தால் பல்லி முழுசாக இருந்தது, வால் நுனி வரைக்கும். அதைச் சுற்றிப் பேராசிரியையின் கொண்டையும் இருந்தது. சவுரி!

எனக்கு அப்படியே பூமிக்குள் போய்விடலாம் போல இருந்தது. பேராசிரியை பின்னந்தலையைத் தடவிப் பார்த்தார். பல்லியை நிதானமாக அளந்து, நான் பாஸ் என்றார். பிறகு சவுரியை வாங்கிப் பைக்குள் திணித்துக்கொண்டு வகுப்பைப் பார்த்தார்.

"எல்லாரும் பார்த்துக்கிட்டீங்களா? எதிரி கையில மாட்டினா, இப்படித்தான் கழற்றிக் கொடுத்துட்டுத் தப்பிக்கணும்."