விடியற்காலையில் பெண் கேட்கப் போனவர்

நாப்லஸுக்கும் ரமல்லாவுக்கும் நடுவே ஷேர் டாக்ஸி ஓட்டும் ஹிக்மத்தை, மகன் பெயரைச் சேர்த்து அபூ வஸீம் என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். எங்கே போவதென்றாலும் அரை நாள் முன்னதாகக் கிளம்பிவிடும் மனுஷன். வழியிலிருக்கும் ராணுவச் சோதனைச் சாவடி எப்போது திறக்கும், எப்போது மூடும் என்று அங்கே நிற்கும் சிப்பாய்க்கே தெரியாதபோது அவரைக் குறை சொல்லி என்ன பயன்?

மகன் வஸீமுக்காக, ரமல்லா பக்கத்துக் கிராமத்துப் பெண் ஷாதியாவைக் கேட்க இரண்டு முறை கிளம்பினார். இரண்டு முறையும் சாவடியின் கேட் மூடியிருந்தது. இந்தத் தடவையும் வராவிட்டால் பேச்சை விட்டுவிடலாம் என்று பெண்ணின் அப்பா நாயிஃப் சொல்லியனுப்பிவிட்டார். வரச் சொன்னது சாயங்காலம். அபூ வஸீம் விடியும்போதே ஊர்ப் பெரியவர்களை வண்டியில் ஏற்றிவிட்டார்.

அன்றைக்கென்று பார்த்துச் சாவடியில் ஈ காக்கை இல்லை. சிப்பாய் போகும்படி கையை அசைத்துவிட்டான்.

கதவைத் திறந்த நாயிஃப், கோடு போட்ட பைஜாமாவில், பாதி முகத்தில் சவர நுரையோடு நின்றார். ஈரத் தலையோடு ஷாதியா உள்ளே ஓடினாள்.

"இந்த விடியக்காலைல பொண்ணு கேக்க வந்தீங்களா, ரொட்டி போட வந்தீங்களா?"

"ரோடு திறந்து கெடந்துச்சு. வேணாம்னு திரும்பிப் போகச் சொல்றீங்களா?"

காபி வந்தது. அபூ வஸீம் குடிக்காமல் கோப்பையைக் கீழே வைத்தார். பெண் தருகிறோம் என்ற வார்த்தை வரும்வரை குடிப்பதில்லை, அதுதான் முறை.

நாயிஃப் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தார். "பையன்மேல ஒரு குறையும் இல்ல. ஆனா அங்க குடுத்துட்டா, என் பொண்ண நான் எப்பப் பாக்கறது? உங்களாலயே வர முடியல."

அபூ வஸீமுக்குச் சமாதானத்துக்குக்கூடப் பொய் சொல்ல வாய் வரவில்லை.

"கேட் என் கையில இல்லண்ணே. வண்டி என் கையில இருக்கு. கூப்பிட்ட உடனே பொண்ண ஏத்திக்கிட்டுக் கிளம்பிருவேன். எப்ப வந்து சேருவேன்னு மட்டும் கேக்காதீங்க."

நாயிஃப் தோள் துண்டால் நுரையைத் துடைத்தார். கூடவே கண்ணையும்.

"காபி ஆறுது. குடிங்க, சம்பந்தி."

மத்தியானம் விருந்து முடிந்து கிளம்பினால், கேட்டை மூடிவிட்டார்கள். அத்தனை பேரும் நாயிஃப் வீட்டுக்கே திரும்பினார்கள். மறுநாளும் திறக்கவில்லை.

"பொண்ணப் பாக்க முடியாதேன்னு கவலைப்பட்டேன். இப்ப சம்பந்திய அனுப்ப முடியல," என்று நாயிஃப் மனைவியிடம் அலுத்துக்கொண்டே இன்னும் இரண்டு கோழிக்குச் சொல்லியனுப்பினார்.

எதிரே, அவருடைய கோடு போட்ட பைஜாமாவை மாட்டிக்கொண்டு, அபூ வஸீம் மருமகள் கொடுத்த காபியைக் குடித்துக்கொண்டிருந்தார்.