ஐந்து நாள் பழியைச் சுமந்த புஷ்பம் மிஸ்ஸி

அன்று காலையில் பேத்தியின் மாத்திரையைக் கரண்டியில் நசுக்கிக்கொண்டிருந்தேன். எதிர்வீட்டுப் பாத்திமா வாசலில் வந்து, "மிஸ்ஸி மோசம் போயிட்டாவாம் அக்கா" என்றாள். செத்தது எந்த மிஸ்ஸி என்று கேட்கவில்லை. கொழும்பு ஜிந்துப்பிட்டியில் எங்கள் ஒழுங்கைக்கு ஒரே மிஸ்ஸிதான்: வீடு வீடாக வந்து பிறந்த பிள்ளைகளைப் பார்த்த குடும்பநல மாது, புஷ்பம் மிஸ்ஸி. தூள் சிந்தாமல் பிள்ளைக்குக் கொடுத்து முடித்த பிறகுதான் அழுதேன்.

இந்த ஒழுங்கையில் இருக்கும் உங்களுக்கும் அவரைத் தெரியும், அவர் வாயையும் தெரியும். என் மகள் செல்வி பிறந்தபோது அவள் நாக்கில் சீனித்தண்ணி தொட்டு வைத்தேன். "தாய்ப்பால் இருக்க இதென்ன கோலம்? உங்கட வாயில ஊத்துங்கோ!" என்று நாத்தனார் முன்னால் ஏசினார். நாத்தனார் சிரித்தாள். சிரித்தவளை மன்னித்தேன், ஏசியவரை மன்னிக்கவில்லை. இருபத்தைந்து வருடம் அவரோடு பேச்சில்லை.

பிறகு செல்விக்கு ஒரு பெண் பிறந்தது. ஆஸ்பத்திரியில் பிள்ளையின் குதிக்காலில் குத்தி, சொட்டு இரத்தத்தைக் கடதாசியில் ஒற்றியெடுத்துவிட்டு அனுப்பினார்கள். செல்வி என் வீட்டுக்கு வந்தாள். என் போன் இலக்கத்தைத்தான் கொடுத்திருந்தாள். பிள்ளை தூங்கியது, தூங்கியது, அழவே இல்லை. "தங்கமான பிள்ளை, தாயைப் படுத்தாது" என்று பெருமை பேசினேன்.

எட்டாம் நாள் போன் அடித்தது. இரத்தத்தில் ஒரு சந்தேகம், பிள்ளையை உடனே கொண்டுவாருங்கள் என்றாள் ஆஸ்பத்திரிப் பெண். "பிள்ளை பெத்த துடக்கு முப்பத்தொண்ணு நாள் கழியாம பிள்ளை படி தாண்டாது" என்று போனை வைத்துவிட்டேன். என் மூத்த பிள்ளையை இருபதாம் நாளில் வெளியே கொண்டுபோய்க் காய்ச்சலில் பறிகொடுத்தவள் நான். படி தாண்டியதால்தான் போனது என்று மாமியார் சொன்ன சொல் என் எலும்பில் இருந்தது. மறுநாளும் அடித்தது, எடுக்கவில்லை. அதன்பின் போனை அணைத்தே வைத்தேன். செல்வியிடம் மூச்சு விடவில்லை.

பதின்மூன்றாம் நாள் மிஸ்ஸி கதவைத் தட்டினார். ஆஸ்பத்திரியிலிருந்து அவருக்குச் சொல்லியிருந்தார்கள்.

"துடக்கு வீடு" என்றேன், உள்ளே நின்றபடி.

"எனக்குத் துடக்கும் இல்லை, வெட்கமும் இல்லை. திறவுங்கோ, இல்லாட்டி இதிலயே நிண்டு கத்துவன்."

"முப்பத்தொண்ணு கழியட்டும்."

"அக்கா, அதுக்குப் பிறகும் பிள்ளை இருக்கும். ஆனா உங்களை அம்மம்மா எண்டு கூப்பிட மூளை வளராமல் போகலாம். பிறகு என்னை ஏசிப் பிரயோசனமில்லை."

திறந்தேன். பிள்ளையின் கண்ணில் மஞ்சள் பார்த்தார். உள்ளங்காலைச் சுண்டினார். கரகரத்த குரலில் ஒரு முனகல், மீண்டும் தூக்கம். மிஸ்ஸியின் முகம் கறுத்தது. ஆட்டோவில் போகும் வழியெல்லாம் அந்தக் காலைச் சுண்டிக்கொண்டே வந்தார்.

கழுத்துச் சுரப்பி வேலை செய்யவில்லை, தினமும் மாத்திரை வேண்டும் என்றார் டாக்டர். "இவ்வளவு நாளா ஏன் ஒருத்தரும் சொல்லல?" என்று செல்வி கத்தினாள். "பிழை என்னில தான் பிள்ளை. நான் பிந்திட்டன்" என்றார் மிஸ்ஸி. செல்வி அவரை ஏசிய ஏச்சையெல்லாம் வாய் மூடிக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

வெளியே வந்ததும் என்னிடம் மெல்லச் சொன்னார்: "பச்சை உடம்புக்காரி. இப்ப அவளுக்குத் தாய் வேணும். என்னில கோவிச்சா ஒண்டும் குறையாது."

பேத்திக்கு இப்போது நாலு வயது. ஓடுகிறாள், பாடுகிறாள். ஆனாலும் ஒரு சொல்லுக்குத் தடுமாறினால் என்னையே கேட்டுக்கொள்வேன்: இது அந்த ஐந்து நாளின் வினையா? ஓடிப்போய்க் கேட்க மிஸ்ஸி ஒருவர்தான் இருந்தார். "எல்லாப் பிள்ளையும் தடுமாறும் அக்கா. மாத்திரையைத் தவறவிடாதேங்கோ" என்பார். இனி யாரிடம் கேட்பேன்?

இன்று அவர் போய் முப்பத்தோராம் நாள். செல்வி சாவீட்டுக்குப் போகவில்லை. "பிந்தி வந்த மிஸ்ஸி" என்றுதான் இன்னமும் சொல்கிறாள். செல்வி, அவர் பிந்தவில்லை. போனை அணைத்தது உன் அம்மா. இதற்காக நீ என்னோடு இருபத்தைந்து வருடம் பேசாமல் இருந்தாலும், அது என்னிடமிருந்து உனக்கு வந்த குணம்தான்.

மிஸ்ஸியிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது ஒன்று. பேத்தி கொஞ்சம் கூடுதலாகத் தூங்கினாலும் அவரைப் போலவே உள்ளங்காலைச் சுண்டுகிறேன். "அம்மம்மா, விடுங்க!" என்று அவள் கத்தும்வரை எனக்கு மூச்சு வருவதில்லை.