வேரைக் கழுவியவள்

இங்கிலாந்தில் செடி கொடுத்தவருக்கு நன்றி சொல்லக் கூடாதாம். சொன்னால் செடி பிழைக்காதாம். பக்கத்து வீட்டு ஹெலன் ஃப்ளாக்ஸ் என்ற பூச்செடியின் தூர் ஒன்றை வேரும் மண்ணுமாக வேலிக்கு மேலே நீட்டியபடி சொன்னார். எனக்குச் சுருக்கென்றது. காசும் வேண்டாம், நன்றியும் வேண்டாம் என்றால் வேறென்னதான் வேண்டும் இந்த அம்மாவுக்கு?

எங்கள் ஊர் சுருளிப்பட்டியில் சித்தப்பா சும்மா கொடுத்த திராட்சைப் பதியன்களை அப்பா ஆசையாய் ஊன்றினார். பந்தலேறிய பிறகு கொடி வெளுத்தது. தோண்டிப் பார்த்தால் வேரெல்லாம் முடிச்சு. பதியன் மண்ணோடு வந்த நூற்புழு! பாதித் தோட்டத்தை வெட்டிச் சாய்த்தோம். அப்பாவும் சித்தப்பாவும் இன்றுவரை முகம் பார்ப்பதில்லை. அதிலிருந்து யார் செடி கொடுத்தாலும் வேரைக் கழுவி, முடிச்சு இருக்கிறதா என்று தடவிப் பார்த்துத்தான் நடுவோம். ஊரில், செடி கொடுத்தவர் போன பிறகுதான் இதைச் செய்வோம். எனக்கு அந்த நிதானம்கூட இல்லை, ஹெலன் கண்ணெதிரேயே குழாயைத் திறந்துவிட்டேன்.

"அது என் அம்மா தோட்டத்து மண்," என்றார் ஹெலன். "அந்த வீட்டை விற்றாயிற்று. எடுத்து வந்தது இது மட்டும்தான்."

அதற்குள் மண் சாக்கடையில் இறங்கியிருந்தது. வேரில் ஒரு முடிச்சும் இல்லை. அன்றோடு அவர் குட் மார்னிங் சொல்வதும் நின்றது. அந்தத் தெருவில் என்னோடு பேசிய ஒரே ஆள் அவர்தான்.

வசந்தத்தில் ஃப்ளாக்ஸ் புதராய்த் தளிர்த்தது. கவாத்துச் செய்து பழகிய கை. காற்றுப் புக நாலைந்து தண்டை மட்டும் விட்டு மற்றதை அறுத்தேன். இலை நனையாமல் தூரில் தண்ணீர் விட்டேன். திராட்சையைப் பிடிக்கும் சாம்பல் நோய் இதையும் பிடிக்கும். கோடையில் இளஞ்சிவப்பாய்ப் பூத்து, சாயங்காலமானால் மணத்தது. ஹெலன் வீட்டுத் திரைச்சீலை அசையும். பூவைப் பார்க்கிறாரா, என்னை வேவு பார்க்கிறாரா?

போனில் அப்பாவிடம் புலம்பினேன்.

"முடிச்சு இருந்துச்சா ஆத்தா?"

"இல்லப்பா."

"அப்ப நல்லதாப் போச்சு."

"என்னத்த நல்லது! அவுக பேச மாட்டேங்குறாகப்பா."

அப்பாவே ஒரு வழி சொன்னார். "நம்ம கையால ஒரு செடி குடுத்துப் பாரு. வாங்கிக்கிட்டாகன்னா சரியாப் போகும்."

சித்தப்பாவுக்கு நீங்க குடுத்தீகளா என்று கேட்க வாய்வரை வந்தது. அடக்கிக்கொண்டேன்.

ஜன்னலோரம் வளர்த்த கனகாம்பரத்தைத் தொட்டியோடு கொண்டுபோனேன். ஹெலன் வாங்கினார், நேரே தோட்டத்துக் குழாயடிக்குப் போனார், செடியை உருவி வேரைக் கழுவ ஆரம்பித்தார். என்னையே சந்தேகப்படுகிறாரா?

"அன்றைக்குக் கோபம் வந்தது," என்றார் நிமிராமல். "அப்புறம் யோசித்தேன். புதுச் செடியைக் குளிப்பாட்டித்தான் வீட்டில் சேர்ப்பது உங்கள் ஊர் மரியாதை, அப்படித்தானே?"

நிஜமாகவே நம்புகிறாரா, குத்திக் காட்டுகிறாரா? அந்த முகத்தில் எதுவும் பிடிபடவில்லை.

"ஆமாம், அப்படித்தான்," என்று சிரித்தேன். வாய் சிரித்ததே தவிர, என் கண், நானே வளர்த்த செடியின் வேரில் முடிச்சு இருக்கிறதா என்று தேடிக்கொண்டிருந்தது.