ராக்காவல் அத்தான் பள்ளம் பார்த்த விதம்

என் அக்கா வீட்டுக்காரர் ஒரு சரக்குக் கிடங்கில் ராக்காவல். கல்யாணமான புதிதில் ஆறு மாதத்துக்குத்தான் என்று போன வேலை. அவர் மகளுக்குக் கல்யாணமாகி அவள் வேறு ஊருக்குப் போய்விட்டாள், இவர் இன்னும் அந்த வேலையில்தான் இருந்தார். அக்கா சீருடை தைக்கிற கம்பெனியில் துணி வெட்டுகிறவள். காலையில் அவள் செருப்பை மாட்டும்போது இவர் செருப்பைக் கழற்றுவார். சாயங்காலம் அவள் உள்ளே நுழையும்போது இவர் சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டு வாசலில் நிற்பார். உங்களுக்கு ஒரு பிள்ளை எப்படிப் பிறந்தது என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். அக்கா துடைப்பத்தை எடுத்தாள்.

பகலில் அந்த வீட்டுக்குப் போனால் நமக்கே மூச்சு முட்டும். சன்னலுக்கெல்லாம் கறுப்புத் துணி. தட்டை வைத்தால் சத்தம் வரக் கூடாது, தும்மல் வந்தால் தெருவுக்கு ஓட வேண்டும். அத்தான் கண்மேல் ஈரத்துணியைப் போட்டுக்கொண்டு கிடப்பார். பிற்பகலில் எழுந்தாலும் அரைவேக்காடுதான். என்ன கேட்டாலும் ஒரு 'ம்'. அக்கா ஞாயிற்றுக்கிழமைகளில் கட்டிலோரம் உட்கார்ந்து கம்பெனி விவகாரம், மகள் போனில் சொன்னது, பக்கத்து வீட்டுச் சண்டை எல்லாவற்றையும் தூங்குகிற ஆளுக்குச் சொல்லிக்கொண்டிருப்பாள். நடுவில் "கேக்குதா?" என்பாள். "ம்" என்பார். இதுதான் அவர்கள் குடித்தனம்.

வாரத்தில் ஒரு நாள் அவருக்கு லீவு உண்டு. ஆரம்பத்தில் அந்த ராத்திரி வீட்டில்தான் இருந்தார். இருந்தவர் சும்மா இருந்தாரா? கிடங்கில் சுற்றி வருகிற பழக்கம். ஒவ்வொரு பூட்டையும் இரண்டு தரம் இழுத்துப் பார்ப்பார், சன்னல் கொக்கியைத் தட்டிப் பார்ப்பார், கேஸ் அடுப்பை முகர்ந்து பார்ப்பார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி முதலிலிருந்து. காலையில் வேலைக்குப் போக வேண்டிய அக்கா தூக்கம் கெட்டு, போய் உங்கள் கிடங்கையே கட்டிக்கொண்டு அழுங்கள் என்று ஒரு நாள் கத்தினாள். அவர் அதை அப்படியே எடுத்துக்கொண்டார். அன்றிலிருந்து லீவு நாளிலும் வேறு எவனுக்காவது பதிலாள் நிற்கக் கிளம்பிவிடுவார்.

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டி போன மாதம் நின்றது. கிடங்கு முழுக்கக் கேமரா மாட்டிவிட்டார்கள், இனி அங்கே ராக்காவல் வேண்டாம். மேனேஜர் இரண்டு வழி சொன்னார். இங்கேயே பகலில் கேட் வேலை, இல்லாவிட்டால் ஊருக்கு வெளியே இருக்கிற இன்னொரு கிடங்கில் அதே ராத்திரி வேலை. எது என்று திங்கட்கிழமை சொல்ல வேண்டும். அக்காவுக்குக் கால் தரையில் பாவவில்லை. அத்தான் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. லாரி வந்தால் கட்டையைத் தூக்கி விடுவதுதான் அந்த வேலை, அதற்கு ஒரு மனுஷன் வேண்டுமா என்று முனகினார்.

"எனக்கு ஒரு மனுஷன் வேணும்" என்றாள் அக்கா.

அந்தச் சமயத்தில்தான் அவள் கம்பெனிப் பெண்கள் சிலர் ஒரு பேர்பெற்ற பள்ளத்தாக்கைப் பார்த்துவிட்டு வந்து கதை கதையாகச் சொல்லியிருந்தார்கள். சாயங்காலம் பஸ் ஏறினால் விடியும்போது அங்கே. பகல் முழுக்க வழிகாட்டி சுற்றிக் காட்டுவார். ராத்திரி அங்கேயே விடுதி, மறுநாள் காலையில் திரும்பி வர வேண்டியது. அக்கா யாரையும் கேட்காமல் மூன்று சீட்டுப் போட்டுவிட்டு வந்து அத்தானிடம் ஒரு பந்தயம் வைத்தாள். "ஒரு பகல் பூரா முழிச்சிருந்து என்கூட நின்னு பாருங்க. முடிஞ்சா பகல் வேலைன்னு சொல்லிடணும். முடியலைன்னா அப்புறம் நான் வாயத் தொறக்க மாட்டேன்."

அத்தான் சரி என்றார். ராத்திரி பஸ்ஸில் தூங்கிவிட்டால் பகலில் விழித்திருக்கலாமாம். மீன் மரம் ஏறுவதற்கு நாள் குறித்த மாதிரி இருந்தது எனக்கு. மூன்றாவது சீட்டு எனக்குத்தான். பை தூக்கவும், அவர் சொக்கினால் கிள்ளவும். எனக்கு டயர் பஞ்சர் கடை. கடையை யார் பார்ப்பது என்று என் மனைவியைக் கேட்டால், உங்கள் அக்கா கூப்பிட்டு நீங்கள் போகாமல் இருந்தால்தானே ஆச்சரியம், போய்த் தொலையுங்கள் என்றாள்.

பஸ்ஸில் விளக்கை அணைத்ததும் எல்லாரும் தூங்கிப் போனார்கள். அக்காவும் தூங்கினாள். அத்தான் கண்ணை மூடிப் பார்த்தார், திறந்தார். காலை நீட்டினார், மடக்கினார். சன்னலைத் திறந்தார், சாத்தினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்கு உடம்பெல்லாம் எறும்பு ஊர்கிற மாதிரி இருந்தது. ஒரு இடத்தில் இருங்களேன் அத்தான் என்று அதட்டிவிட்டு நான் கொஞ்சம் கண்ணயர்ந்தேன். அதற்குள் எழுந்து போய்விட்டார்.

வேறெங்கே, சுற்றி வரத்தான். சன்னல் கொக்கிகளைத் தட்டினார். மேலே பரணில் இருந்த பைகளின் பூட்டை இழுத்துப் பார்த்தார். முன்வரிசையில் ஒரு அம்மாள் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு தூங்கியிருக்கிறாள், பையின் ஜிப் திறந்து கிடந்திருக்கிறது. திறந்ததைத் திறந்தபடி விட்டுப் போக நம் ஆளால் முடியுமா? குனிந்து மெதுவாக இழுத்து மூடியிருக்கிறார். அந்த அம்மாள் கண்ணைத் திறந்து பார்க்கிறாள், மடியில் ஒரு ஆம்பளைக் கை.

அவள் போட்ட சத்தத்தில் டிரைவர் வண்டியையே ஓரம் கட்டிவிட்டார். விளக்கெல்லாம் எரிந்தது. வழிகாட்டிப் பையன் மைக்கை விடாமல் பிடித்துக்கொண்டே ஓடி வந்தான். அந்த மைக்கை அவன் தூக்கத்தில்கூட விட்டு நான் பார்க்கவில்லை, அதனால் அவனுக்கு மைக் என்றே பேர் வைத்துவிட்டேன். திறக்கவில்லை, மூடினேன் என்று அத்தான் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை. மூடுவதற்கு நீ யார் என்று அந்த அம்மாள் கேட்டாள். அதுவும் நியாயமான கேள்விதான். அக்கா எழுந்து வந்து கையெடுத்துக் கும்பிட்டு, அவர் வேலை என்ன, பழக்கம் என்ன என்று பஸ் முழுக்கக் கேட்கும்படி சொல்ல வேண்டியதாயிற்று. பையில் ஒன்றும் குறையவில்லை என்று தெரிந்த பிறகுதான் வண்டி கிளம்பியது. மைக் அத்தானைக் கூட்டிக்கொண்டு போய் டிரைவர் பக்கத்துச் சீட்டில் உட்கார வைத்தான். அப்புறம் விடிகிற வரைக்கும் அங்கேயிருந்து பேச்சுச் சத்தமும் டிரைவர் சிரிக்கிற சத்தமும் கேட்டுக்கொண்டே இருந்தது. ஆக, ஒரு பொட்டுத் தூக்கமில்லை.

விடிந்ததும் இறங்கினோம். கம்பி வேலி வரைக்கும் சாதாரணத் தரைதான், அதற்கப்புறம் தரையே இல்லை. இவ்வளவு நேரம் ஒழுங்காக வந்த பூமி திடீரென்று வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது. எதிர்ப்பக்கத்துச் சுவர் அடுக்கடுக்காகச் சிவப்பு, மஞ்சள், சாம்பல். அடியில் நூல் கிடக்கிற மாதிரி ஒரு ஆறு. எனக்கு உள்ளங்கால் கூசியது. அக்கா கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தாள். அப்புறம் அத்தானைத் திரும்பிப் பார்த்தாள்.

"ஆழம்தான்" என்றார் அத்தான். ஒரு கொட்டாவி விட்டார்.

வெயில் ஏற ஏற அவர் இறங்கிக்கொண்டே போனார். அக்கா முகத்தில் தண்ணீர் அடித்தாள், நான் டீ வாங்கிக் கொடுத்தேன், கிள்ளினேன். ஒரு பார்வை மேடையிலிருந்து அடுத்ததற்கு ஆளுக்கொரு கையைப் பிடித்து நடத்திக்கொண்டு போனோம். பஸ்ஸில் வந்தவர்கள் எங்களுக்கு வழிவிட்டு, பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஒதுங்கினார்கள். இந்தப் பாறை உருவாகக் கோடி வருஷம் ஆனது என்று மைக் முழங்கினான். அத்தான் என் தோளில் சாய்ந்தார்.

"கோடி வருஷம் இருந்தது இன்னைக்கா ஓடிப் போகப் போகுது? அஞ்சு நிமிஷம் கண்ண மூடிக்கிறேன், மாப்ள."

சாப்பாட்டுக்கு அப்புறம் ஆற்றுக்கு இறங்குகிற பாதை. ஒரு பக்கம் பாறை, ஒரு பக்கம் ஒன்றும் இல்லை. மைக் எல்லாரையும் வரிசையாக நிறுத்தினான். அத்தான் நின்றபடியே முன்னால் ஒரு ஆட்டம், பின்னால் ஒரு ஆட்டம். அதைப் பார்த்துவிட்டு மைக் முதல் தடவையாக மைக்கை இறக்கிவிட்டுப் பேசினான். தூங்கி விழுகிற ஆளைக் கூட்டிக்கொண்டு போக முடியாது, விழுந்தால் பொறுக்கக்கூட முடியாது என்று சொல்லிவிட்டான். அக்கா பாதையைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள். கைப்பையை என்னிடம் கொடுத்துவிட்டு வரிசையில் போய் நின்றுகொண்டாள். முதல் வளைவில் அவள் தலை மறைவதற்குள் அத்தான் பெஞ்சில் குறட்டை விட ஆரம்பித்துவிட்டார்.

பந்தயம் தோற்றாயிற்று. ஒரு பக்கம் உலகமே வந்து பார்க்கிற பள்ளம், அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு இந்த மனுஷன், மடியில் பெண்பிள்ளைப் பையோடு நான். எனக்கு வந்த ஆத்திரத்தில் அவரை அப்படியே உருட்டி விட்டிருப்பேன். எழுந்து நடப்பேன், வந்து உட்காருவேன். கடை ஞாபகம் வரும், மறுபடி எழுவேன்.

பொழுது சாயும்போது அக்கா ஏறி வந்தாள். முகம் வெயிலில் கன்றிப் போயிருந்தது, கால் முட்டி வரைக்கும் செம்மண். நல்ல பாட்டு விழப் போகிறது என்று காத்திருந்தேன். அவள் அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஆற்றைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தாள். மேலிருந்து பார்த்தால்தான் நூல், கிட்டப் போனால் இரைச்சலில் பேச முடியவில்லை என்றாள். தண்ணீரில் கால் வைத்ததும் எலும்பு வரைக்கும் குளிர்ந்ததாம். பஸ்ஸில் கத்திய அம்மாள்தான் ஏறும்போது கைகொடுத்து இழுத்துவிட்டாளாம். "கேக்குதா?" என்றாள்.

"ம்" என்றார்.

என்னால் அங்கே இருக்க முடியவில்லை. இன்னொரு டீயைத் தேடிப் போனேன்.

விடுதியில் பக்கத்துப் பக்கத்து அறை, நடுவில் பலகைச் சுவர். மதியத்திலிருந்து தூங்கியவருக்கு அப்போதுதான் பொழுது விடிந்திருந்தது. தாழ்ப்பாள் சத்தம், சன்னல் சத்தம், மறுபடி தாழ்ப்பாள். அக்கா திட்டுகிற சத்தம் கொஞ்ச நேரம். அப்புறம் கதவு திறந்து இரண்டு பேரும் வெளியே போகிற சத்தம். அங்கே இருட்டு, கம்பி வேலி, அதற்கப்பால் பள்ளம். இந்தத் தடவை தூக்கக் கலக்கத்தில் இருப்பது அக்கா. நான் சட்டையை மாட்டிக்கொண்டு பின்னால் போனேன்.

பார்வை மேடையில் ஒரு காவல்காரர் டார்ச்சோடு நின்றிருந்தார். நான் போவதற்குள் அத்தானும் அவரும் பங்காளி ஆகிவிட்டிருந்தார்கள். ஒன்றும் தெரியவில்லையே, கறுப்பாகத்தானே இருக்கிறது என்றாள் அக்கா. டார்ச்சை அணைக்கச் சொல்லிவிட்டு, கொஞ்சம் பொறு என்றார் அத்தான். பொறுத்தோம். முதலில் எதிர்ச் சுவரின் விளிம்பு தெரிந்தது, அப்புறம் அடுக்குகள். நிறமெல்லாம் போய், பள்ளம் பகலில் இருந்ததைவிடப் பெரிதாக இருந்தது. அடியிலிருந்து ஆற்றுச் சத்தம் மேலே வந்தது. பகலில் அது என் காதில் விழவே இல்லை.

அத்தான் பேச ஆரம்பித்தார். கிடங்கில் ஒரு மூன்றுகால் பூனை இவருக்கு முன்னால் சுற்றி வருமாம், இவர் ஒரு பூட்டை விட்டுவிட்டால் அங்கேயே உட்கார்ந்துகொள்ளுமாம். மேனேஜர் திடீர் சோதனைக்கு வந்து, தன் காரையே திறக்க முடியாமல் மாட்டிக்கொண்டதை அவர் குரலிலேயே பேசிக் காட்டினார். அக்கா கம்பியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அவர் பேசி அவள் சிரித்து நான் பார்த்ததே கிடையாது. கொஞ்ச நேரத்தில் அந்தச் சிரிப்பு நின்றது.

"இவ்வளவு பேசுவீங்களா நீங்க?"

"ராத்திரியில பேசுவேன்."

"யார்கிட்ட?"

"பக்கத்துக் கிடங்கு வாட்ச்மேன்கிட்ட."

"அப்போ இத்தனை வருஷமா அந்தாளோடதான் குடும்பம் நடத்தியிருக்கீங்க" என்றாள் அக்கா. "எனக்கு வந்தது வெறும் 'ம்'."

அத்தான் கம்பி வேலியை இரண்டு தரம் இழுத்துப் பார்த்தார். காவல்காரர் நல்ல மனுஷன், அந்தக் கோடியில் ஏதோ வேலை இருப்பது மாதிரி நகர்ந்துவிட்டார். நானும் நகர்ந்திருக்கலாம், நகரவில்லை.

"பகல் வேலைக்குப் போனாலும் இப்போ பேசுற இந்த ஆளு பகல்ல வர மாட்டான்" என்றார் அத்தான். "ராத்திரி பூரா உன் பக்கத்துல முழிச்சுக்கிட்டு, பூட்டை இழுத்துக்கிட்டு இருப்பேன். நீதான் தூக்கம் கெட்டு வேலைக்குப் போவ. இன்னைக்கே பாத்தியே."

தோற்றால் வாயைத் திறக்க மாட்டேன் என்று சொன்னவள் கம்பியை விட்டுவிட்டு அவர் பக்கம் திரும்பினாள்.

"அந்தத் தூரத்துக் கிடங்குக்கே போங்க" என்றாள். "ஆனா லீவு நாள் என்னோடது. எவனுக்கும் பதில் நிக்கக் கூடாது. அன்னைக்கு ராத்திரி நான் தூங்க மாட்டேன்."

"மறுநாள் மெஷின்ல நிக்கணுமே. சொக்குனா கை போயிடும்."

"மறுநாள் மட்டும் மடிக்கிற வேலைக்கு மாத்தச் சொல்லிக் கேக்குறேன். துணிய மடிச்சுக்கிட்டே தூங்கினா யாரு செத்தா?"

அவர் 'ம்' என்றார். அது வேண்டாம், வாயைத் திறந்து சொல்லுங்கள் என்றாள். சரி என்று சொன்னார். நான் போய்ப் படுத்தேன். விடிகிற வரைக்கும் வெளியே பேச்சுச் சத்தம் ஓயவில்லை. எனக்குத்தான் தூக்கம் போயிற்று.

காலையில் பஸ் பக்கத்தில் நின்றுகொண்டே அக்கா அவர் கையில் போனைத் திணித்தாள். திங்கட்கிழமை வரைக்கும் விட்டால் மனுஷன் குழப்பிவிடுவார் என்று அவளுக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை காலையில் எழுப்பியதற்கு மேனேஜர் கடுகடுத்தார். சத்தம் எனக்கே கேட்டது. ராத்திரி வேலைதான், அந்தக் கிடங்குதான் என்று அத்தான் சொன்னார். லீவு செவ்வாய்க்கிழமை என்றார் மேனேஜர், வழக்கம்போல அன்றைக்கும் யாருக்காவது பதிலாக வந்துவிடுவாய்தானே என்றார்.

"வர முடியாது சார்" என்றார் அத்தான். ஏன் என்றார் மேனேஜர். அத்தான் அக்காவைப் பார்த்தார். "வீட்ல வேலை இருக்கு."

"ராத்திரியில வீட்ல என்னய்யா வேலை?"

அத்தான் மறுபடி அக்காவைப் பார்த்தார். பஸ் படிக்கட்டில் நின்ற மைக் சிரித்துவிட்டான், நானும் அடக்க முடியாமல் சிரித்தேன். அக்கா போனைப் பிடுங்கி அணைத்தாள், என் முதுகில் ஒன்று வைத்தாள், யாரையும் பார்க்காமல் விறுவிறுவென்று பஸ்ஸில் ஏறிவிட்டாள்.